பழைய ஷாங்காய் சினிமாவில் நடிப்பு, எழுத்து, இயக்கம் மூன்றிலும் தேர்ந்தவர் யார்?

யுவான் மூஜியைச் சொல்வேன். மேடை நடிகர், ஒப்பனையிலும் குரலிலும் ஆளே மாறிவிடுவார் என்பதால் ‘ஆயிரம் முகக்காரர்’ என்றே பெயர். 1934-இல் தியான்தோங் நிறுவனத்தின் முதல் படத்துக்குக் கதை எழுதி, அவரே நாயகனாகவும் நடித்தார். அந்நிறுவனம் ஒலிப்பதிவுக் கருவியைச் சொந்தமாகவே உருவாக்கியிருந்தது. 1935-இல் நடித்த படத்தில் அவர் பாடிய அணிவகுப்புப் பாடல்தான் இன்று சீனாவின் தேசிய கீதம்!

இயக்கியவை குறைவுதான், ஆனால் 1937-இன் ‘தெரு தேவதை’ ஒன்றே போதும். நாயகி சோ சுவான் பாடும்போது வரிகள் திரையிலேயே வரும். பாட்டு காதலனைப் பிரிந்த ஏக்கம் போலத் தோன்றும். காட்சியோ வடக்கே ஜப்பான் படையெடுப்பால் ஊரைவிட்டு ஓடுவோரைக் காட்டும். அங்கேதான் யுவானின் திறமை தெரிகிறது.

1938-இல் கம்யூனிஸ்டுகளின் தளமான யெனானுக்குப் போனார். 1949-இல் அரசுத் திரைப்படத் துறைக்குத் தலைவரானார்.