திண்ணையைத் தாண்டினால் அடுப்படியா?

பழைய வீடுகளைப் பற்றிய ஆவணப்படங்களுக்கு எடிட்டராக இருப்பவர், வாசகர் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.

கேள்வி: சண்டையோ துரத்தலோ இல்லாத வீட்டுப் படத்தில் எடிட்டருக்கு என்ன வேலை? எடுத்ததை அழகாக ஒட்டினால் போதாதா? (வாசகி, திருச்சி)

பதில்: நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன், கானாடுகாத்தானில் ஓர் ஆச்சியிடம் குட்டு வாங்கும் வரை. அவர் வீட்டில் எடுத்த படத்தை முதல் முறை வெட்டி ஒட்டியதும் லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். திண்ணையின் தேக்குத் தூண், அடுத்த ஷாட்டில் அடுப்புப் புகை. நிறம் அத்தனை பொருத்தம். எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஆச்சி கேட்டார்: "ஏந்தம்பி, எங்க வீட்டுல திண்ணையத் தாண்டுனா அடுப்படியா வருது?"

செட்டிநாட்டுப் பெரிய வீடு ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடியும். முகப்பு, வளவு எனும் நடுமுற்றம், இரண்டாம் கட்டு, கடைசியில் அடுப்படி. யார் எதுவரை வரலாம் என்பதும் அந்த வரிசையில்தான் இருக்கிறது. வரவுசெலவு பேச வந்தவர் முகப்போடு சரி. கல்யாணம், சடங்கெல்லாம் வளவில். பின்கட்டு பெண்களுடையது. நானோ ஒரே வெட்டில் வெளியாளை அடுப்படிக்குள் கொண்டுபோய் விட்டிருக்கிறேன்! இப்போதெல்லாம் ஷாட்டுகளை வரிசைப்படுத்தும் டைம்லைனைத் திறக்கும் முன்பே வீட்டின் அமைப்பைத் தாளில் வரைந்து எதிரே ஒட்டிவிடுகிறேன்.

இன்னொரு தொல்லை வெயில். வளவுக்கு மேலே திறந்த வானம். ஒன்பது மணிக்குத் தொடங்கிய பேட்டி பதினொன்றரைக்கு முடிவதற்குள் தூண் நிழல் தரையில் பதித்த பூப்போட்ட ஆத்தங்குடிக் கல்லில் நாலு பூவைத் தாண்டிவிடும். பின்பாதிப் பேச்சைத் தூக்கி முன்னே வைத்தால் நிழல் குதிக்கும். நடுவில் ஒரு கதவுக் குமிழ் ஷாட்டைச் செருகி மறைப்பேன். "குமிழ் நிறைய எடுங்க" என்று நச்சரித்தே கேமராமேன்களிடம் எனக்கு 'குமிழ் சார்' என்று பெயர்.

கேள்வி: வீட்டுக்காரர் சொல்வதையெல்லாம் அப்படியே வைப்பீர்களா? (வாசகர், மதுரை)

பதில்: முட்டை வெள்ளைக்கரு சேர்த்துப் பூசிய சுவர் என்று எல்லா வீட்டிலும் சொல்வார்கள். படத்துக்கு ஒருமுறை போதும். சிக்கல் வேறு இடத்தில் வரும். "1880-ல வீடு குடிபுகுந்த அன்னைக்கே மாட்டுன படம்" என்றார் ஒரு பெரியவர். அவருக்குப் பின்னால் சுவரில் லட்சுமி படம். பெரிதாக்கிப் பார்த்தால் கீழே ரவிவர்மா அச்சகத்தின் பெயர். அந்த அச்சகம் பம்பாயில் தொடங்கியதே 1894-ல். லட்சுமியை வைத்துக்கொண்டு வசனத்தை எடுத்துவிட்டேன். "எங்க தாத்தா பொய் சொல்வாரா?" என்று பேரனிடமிருந்து ஃபோன். பொய்யில்லை, வீடு 1880-ஆகவே இருக்கலாம், படம் பிற்பாடு ஏறியிருக்கிறது. பாதி சமாதானமானார்.

கேள்வி: ட்ரோன் ஷாட் அவசியமா? (வாசகர், கோவை)

பதில்: ஒரே வீடு இரண்டு தெருவைத் தொடுவதைத் தரையில் நின்று காட்ட முடியாது. அதற்கு ஐந்து நொடி. மற்றபடி அது மேலே கிளம்பியதும் வளவுப் புறாக்கள் பறந்துவிடுகின்றன. எனக்கு அந்தப் புறாச் சத்தம் வேண்டும்.