ஒலியால் எழுப்பிய சுவர் ஏன் நகர்கிறது?

கேள்வி: நான் எழுதிவரும் மிகைபுனைவு நாவலில் ஒரு நகரம் கல்லுக்குப் பதிலாக ஒலியால் கட்டப்பட்டிருக்கிறது. எதிரெதிரே நிற்கும் இரு கோபுரங்களில் ஒரு மணி 220 ஹெர்ட்ஸிலும் மற்றொன்று 224 ஹெர்ட்ஸிலும் ஒலிக்கின்றன. அவ்விரு ஒலிகளும் ஒன்றன்மேல் ஒன்று படியும் இடத்தில் காற்று இறுகிச் சுவர்களாகிறது. இதற்கு ‘அடுக்கொலிக் கோட்பாடு’ என்று பெயர் வைத்திருக்கிறேன். இரண்டு ஒலிகள் சந்தித்தால் ஒன்றையொன்று சிதைத்துவிடும், ஆகவே கோட்பாடே தவறு என்கிறார் நண்பர். மந்திர அதிர்வெண்களின் அட்டவணையை விலைக்கு வாங்கினால் எல்லாம் சரியாகும் என்கிறார் ஓர் ஆலோசகர். நான் என்ன செய்வது?

பதில்: அட்டவணையை வாங்காதீர்கள். நண்பர் சொல்வதும் சரியில்லை; உங்கள் கோட்பாட்டின் அடித்தளம் உறுதியானது. ஆனால் நீங்கள் தேர்ந்திருக்கும் எண்களை வைத்துக்கொண்டால் அந்தச் சுவர்கள் ஒரு நொடிகூட ஓரிடத்தில் நிற்கமாட்டா.

நண்பரின் ஐயத்தை முதலில் தீர்த்துவிடலாம். ஓர் அறையில் இருவர் ஒரே நேரத்தில் பேசும்போது ஒருவர் குரல் மற்றவர் குரலைக் கடந்து, எந்தச் சேதமும் இன்றி எதிரிலிருப்பவர் காதை அடைகிறது. அலைகள் சந்திக்கும் இடத்தில் அவற்றின் அழுத்தங்கள் கூடும் அல்லது கழியும். சந்திப்பு முடிந்ததும் ஒவ்வொன்றும் பழைய வடிவோடு தன் வழியே போய்விடும். இதுதான் மேற்பொருந்துதல் தத்துவம். சாதாரணப் பேச்சு, அதாவது ஏறத்தாழ 60 டெசிபல் ஒலி, காற்றின் அழுத்தத்தை அசைக்கும் அளவு வளிமண்டல அழுத்தத்தில் ஐம்பது இலட்சத்தில் ஒரு பங்குதான். அவ்வளவு சிறிய அசைவுகள் ஒன்றையொன்று சிதைப்பதில்லை.

இனி சுவருக்கு வருவோம். இரு கோபுரங்களும் சரியாக 220 ஹெர்ட்ஸில், சம வலிமையோடு ஒலித்தால் நடுவில் நிலை அலை, அதாவது முன்னேறாமல் நின்ற இடத்திலேயே ஏறி இறங்கும் அலை, உருவாகும். காற்றில் ஒலி 20 டிகிரி செல்சியஸில் நொடிக்கு 343 மீட்டர் செல்வதால், 78 சென்டிமீட்டருக்கு ஒருமுறை அழுத்தம் அசையாத ஒரு கணு அமையும். இதை நீங்களே கேட்கலாம்: வெற்றுச் சுவருக்கு எதிரே ஒலிபெருக்கியை வைத்து இடைவிடாத 220 ஹெர்ட்ஸ் ஒலியை ஓடவிட்டு, ஒரு காதைப் பொத்திக்கொண்டு சுவரிலிருந்து மெல்லப் பின்வாங்குங்கள். சுமார் 39 சென்டிமீட்டரில் ஒலி சட்டென்று மெலியும், இன்னும் 39 நகர்ந்தால் மீண்டும் ஓங்கும். ஒலி மிக மெலியும் அந்த இடத்தில்தான் உங்கள் சுவரை எழுப்ப வேண்டும். காதுக்குக் கேட்காத 40,000 ஹெர்ட்ஸ் மீயொலியின் நிலை அலையில் தெர்மாகோல் உருண்டைகளை அந்தரத்தில் நிறுத்தும் சோதனைகளில், உருண்டைகள் இந்த அழுத்தக் கணுக்களை ஒட்டித்தான், சுமார் 4 மில்லிமீட்டர் இடைவெளியில், வரிசையாக நிற்கின்றன.

நீங்கள் எழுதியிருப்பதோ 220-உம் 224-உம். இரண்டு தந்திகளைச் சுருதி சேர்த்தவர்களுக்கு இது தெரியும்: சுருதி நெருங்கும்போது ஒலி ‘வோம், வோம்’ என்று ஏறி இறங்கும், இன்னும் நெருங்கினால் அந்த விம்மல் நிதானமாகி, முழுதும் சேர்ந்ததும் மறைந்துவிடும். உங்கள் எண்களுக்கு நொடிக்கு நான்கு விம்மல்கள். ஒவ்வொரு விம்மலுக்கும் கணு ஓர் இடைவெளி தூரம் நகர்வதால், சுவர்கள் நொடிக்கு மூன்று மீட்டர் வேகத்தில் 224 கோபுரத்திலிருந்து 220 கோபுரத்தை நோக்கி ஓடும். இவ்வளவு எளிய செய்தியைப் பள்ளியில் யாரும் காதால் கேட்கவைப்பதில்லை. முக்கோணவியல் சமன்பாட்டை எழுதவைத்து மதிப்பெண் போட்டு அனுப்பிவிடுகிறார்கள். அந்த இடைவெளியில்தான் அட்டவணை வியாபாரிகள் கடை விரிக்கிறார்கள்.

அவர்களைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். 432 ஹெர்ட்ஸ் இயற்கையின் சுருதி என்பார்கள். ஹெர்ட்ஸ் என்பது நொடிக்கு எத்தனை அதிர்வு என்ற கணக்கு. நொடியோ மனிதர் பகலிரவை 86,400 கூறாக்கி வைத்துக்கொண்ட அளவு. உங்கள் உலகில் நாளின் நீளம் வேறானால் அந்த எண்ணே மாறிவிடும். இசைக்கருவிகளுக்கான 440 ஹெர்ட்ஸும் மனிதர்கள் கூடி முடிவு செய்த தரம்தான். அடுத்து, தகட்டில் மணல் கோலமிடும் காணொளியைக் காட்டி, ஒவ்வோர் அதிர்வெண்ணுக்கும் ஒரு புனித வடிவம் உண்டு என்பார்கள். அந்த மணற்கோலங்களை 1787-இல் எர்ன்ஸ்ட் கிளாட்னி நூலாக வெளியிட்டார். அவை தகட்டின் வடிவம், கனம், அது எங்கே பிடிக்கப்பட்டிருக்கிறது என்பவற்றைப் பொறுத்து மாறுபவை. தகட்டை மாற்றினால் அதே அதிர்வெண்ணில் வேறு கோலம் வரும், அல்லது கோலமே வராது. இதை மறைத்து அட்டவணை விற்பவர் உங்கள் நாவலுக்கு ஒரு வரிகூட உதவமாட்டார்.

ஒரு விதிவிலக்கை மட்டும் நீங்கள் நன்றாகப் புரிந்துகொள்ள வேண்டும். ஒலிகள் ஒன்றையொன்று பாதிக்காமல் கடக்கும் என்றேன். அது ஒலி மிதமாக இருக்கும்வரைதான். சுமார் 194 டெசிபலில் அழுத்த ஏற்றம் வளிமண்டல அழுத்தத்தின் அளவை எட்டும். இறக்கத்தில் காற்றே இல்லாத வெற்றிடம் வந்துவிடும், அதற்குக் கீழே இறங்க வழியில்லை. அதற்கு வெகு முன்பே சிக்கல் தொடங்குகிறது. அலையின் முகடு பள்ளத்தைவிடச் சற்று வேகமாகச் செல்வதால், வலுத்த ஒலியில் முகடு முன்னேறி, அலை செங்குத்தாகி, அதிர்ச்சி அலையாகிறது. அந்நிலையில் இரண்டு ஒலிகள் சேர்ந்து மூன்றாவதைப் பெற்றெடுக்கும்: 220-உம் 330-உம் கலந்தால் 110-உம் 550-உம் புதிதாகத் தோன்றும். காற்றில் அப்படி எதுவும் பிறக்காத மிதமான ஒலியிலும் நம் காது தனக்குள்ளேயே இப்படி ஒரு மூன்றாம் ஒலியை உண்டாக்கிக்கொள்வதுண்டு. 18-ஆம் நூற்றாண்டு வயலின் கலைஞர் ஜுசெப்பே தார்த்தீனி அதைக் கேட்டு எழுதியிருக்கிறார். ஆனால் காதுக்குள் பிறக்கும் ஒலியால் வெளியே சுவர் எழாது. உங்கள் கதையில் மூன்றாம் ஒலி சுவரெழுப்ப வேண்டுமானால், அது காற்றில் பிறக்கும் அளவுக்குக் கோபுரங்கள் முழங்க வேண்டும், அப்போது நகரத்தில் யாருக்கும் செவிப்புலன் மிஞ்சாது.

மணிகளையும் மாற்றிவிடுங்கள். மணி ஒரே நேரத்தில் பல அதிர்வெண்களில் ஒலித்து, அடித்த கணத்திலிருந்தே தேயத் தொடங்குகிறது. இரு முனையும் திறந்த, சுமார் 78 சென்டிமீட்டர் நீளமுள்ள ஊதுகுழாய் 220 ஹெர்ட்ஸை இடைவிடாமல் தரும். அதில் ஒரு சிக்கல் உண்டு, கதைக்கு அதுவே உதவும். காலை வெயில் ஒரு கோபுரத்தில் மட்டும் விழுந்து குழாய்க்குள் காற்று ஒரு டிகிரி சூடேறினால், ஒலியின் வேகம் நொடிக்கு 0.6 மீட்டர் கூடி, அதிர்வெண் ஏறத்தாழ 0.4 ஹெர்ட்ஸ் உயரும். உடனே நகரத்தின் சுவர்கள் எல்லாம் நொடிக்கு 30 சென்டிமீட்டர் வேகத்தில் நிழலிலிருக்கும் கோபுரத்தை நோக்கி ஊரத் தொடங்கும். சூடேறிய குழாயை யாராவது ஈரத்துணியால் சுற்றும்வரை அவை நிற்கமாட்டா.