மரச்சிட்டு: முதலில் கன்னத்தைப் பாருங்கள்

கே: எங்கள் உணவங்காடியில் மேசைக்கு மேசை தத்தும் சிட்டுகளில் ஆண் எது, பெண் எது? (சிங்கப்பூர்)

ப: கண்ணால் பிரிக்க முடியாது. அவை மரச்சிட்டுகள்; இரு பாலுக்கும் ஒரே தோற்றம்: செம்பழுப்பு உச்சி, வெள்ளைக் கன்னத்தில் கறுப்புப் பொட்டு. நம்மூர்ச் சிட்டுக்குருவியில் ஆணின் உச்சி சாம்பல் நிறம், கன்னத்தில் பொட்டு கிடையாது. ஜப்பானிலிருந்து சிங்கப்பூர்வரை ஊருக்குள் கூரை இடுக்கில் குடியிருப்பது பெரும்பாலும் மரச்சிட்டுதான்.

கே: கோவையில் மரப்பொந்தில் ஒரு சிட்டு கூடு வைத்திருக்கிறது. மரச்சிட்டுதானே?

ப: இல்லை. பொந்தை வைத்து இனம் சொல்லாதீர்கள். கன்னம் எப்படி இருந்தது என்று ஒரு வரிகூட எழுதவில்லையே! மஞ்சள் தொண்டைச் சிட்டாக இருக்கலாம்: கன்னத்தில் பொட்டு இராது, தோளில் செம்பழுப்புத் திட்டு, ஆணின் தொண்டையில் மஞ்சள். மரச்சிட்டு இந்தியாவில் இமயமலையிலும் வடகிழக்கிலும் உண்டு. தெற்கே ஆந்திரத்தின் லம்பசிங்கி மலைப்பக்கம் தனித்து ஒரு கூட்டம் வாழ்கிறது.

கே: கடையில் வாங்கிய கூட்டுப்பெட்டியை ஏப்ரலில் மாட்டினேன். ஒரு மரச்சிட்டுகூட வரவில்லை. (யார்க்‌ஷயர், இங்கிலாந்து)

ப: ஏப்ரல் தாமதம். மரச்சிட்டு இலையுதிர் காலத்திலேயே ஜோடி சேர்ந்து பொந்து பார்க்கத் தொடங்கிவிடும். குளிரில் இரவு தங்கவும் பெட்டியைப் பயன்படுத்தும். அக்டோபருக்குள் மாட்டுங்கள்.

அடுத்தது பெட்டி. அழகுக்காகச் செய்து விற்கும் பெட்டிகளால் எத்தனை குஞ்சுகள் வீணாகின்றன! துளை 28 மி.மீ. போதும். 32 ஆனால் சிட்டுக்குருவி புகுந்து இடத்தைப் பிடித்துக்கொள்ளும். துளைக்குக் கீழே உட்காரும் குச்சி இருந்தால் வெட்டி எறியுங்கள். சிட்டுக்கு அது தேவையே இல்லை, கூட்டைக் கொள்ளையிட வருவதற்குத்தான் கால் வைக்க இடம். துளையின் அடிவிளிம்பு பெட்டியின் உள் அடிப்பலகையிலிருந்து 12 செ.மீ.க்கு மேல் இருக்கட்டும், இல்லையேல் பூனையின் கை குஞ்சை எட்டும். பலகை 15 மி.மீ. கனம், அடியில் நீர் வடிய இரண்டு மூன்று துளைகள். பிளாஸ்டிக் வேண்டாம், உள்ளே வெந்துவிடும். இவை கூட்டமாக வாழ்பவை. ஒற்றைப் பெட்டியைவிட 2 முதல் 4 மீட்டர் உயரத்தில் நாலைந்து பெட்டிகள் நல்லது. ஈடு ஒன்றுக்கு ஐந்தாறு முட்டை, ஆண்டுக்கு இரண்டு மூன்று ஈடு. கடைசிக் குஞ்சும் பறந்தபின் கொதிநீரால் கழுவுங்கள், பூச்சிமருந்து கூடாது.

கே: டொராண்டோவில் குளிரில் வரும் மரச்சிட்டு ஏப்ரலில் எங்கே போகிறது?

ப: வடக்கே, மரம் வளராத குளிர்நிலமான தூந்திரத்துக்கு. நீங்கள் பார்ப்பது அமெரிக்க மரச்சிட்டு; பெயர்தான் ஒன்று, அது வேறு குடும்பம். கூடு பெரும்பாலும் தரையில்தான். கன்னத்தைப் பாருங்கள், பொட்டு இராது. நெஞ்சின் நடுவில் ஒரு கரும்புள்ளி, மேலலகு கருமை, கீழலகு மஞ்சள்.

கே: 1958-ல் சீனா கொன்று குவித்தது எந்தச் சிட்டை?

ப: முக்கியமாக மரச்சிட்டை. 1960-ல், ஒழிக்க வேண்டிய உயிர்களின் பட்டியலிலிருந்து சிட்டை எடுத்துவிட்டு மூட்டைப்பூச்சியைச் சேர்த்தார்கள்.

கே: கீழே விழுந்த குஞ்சுக்குச் சோறு தரலாமா?

ப: கூடாது. குஞ்சுக்குத் தாய் கொடுப்பது புழு பூச்சி. கூடு தெரிந்தால் திரும்ப வைத்துவிட்டு விலகுங்கள்.