யு-கி-ஓ கார்டு கேம்ல ப்ளூ-ஐஸ் டிராகன் டெக்கை (சீட்டுக்கட்டை) போட்டிக்கு எப்படி ரெடி பண்றது?

ப்ரோ, 60 கார்டு வச்சிருக்கேன், ஆனா கைக்கு வெறும் பெரிய டிராகனா வந்து மாட்டுதுன்னு கேட்டிருந்தீங்க, பாதி பிரச்சனை அந்த 60 தான். மெயின் டெக் 40 இருந்தாலே ரூல்படி போதும், அங்கயே நில்லுங்க, அப்பதான் முதல் 5 கார்டுல வேண்டியது வர வாய்ப்பு அதிகம். ப்ளூ-ஐஸ் ஒயிட் டிராகனுக்கு 3000 அட்டாக், சூப்பர்தான், ஆனா லெவல் 8, நார்மலா இறக்கணும்னா களத்துல இருக்க ரெண்டு மான்ஸ்டர ட்ரிப்யூட் (பலி) பண்ணணும், அதனால கைல சும்மா கெடக்கும். ட்ரேட்-இன்ங்கற ஸ்பெல் கார்டு போடுங்க, கைல இருக்க லெவல் 8 ஒண்ண தள்ளிட்டு ரெண்டு கார்டு எடுக்கலாம். சேஜ் வித் ஐஸ் ஆஃப் ப்ளூங்கற மான்ஸ்டர் கண்டிப்பா 3, அத நார்மல் சம்மன் பண்ணா (அதாவது கைல இருந்து நேரா இறக்கினா) லெவல் 1 லைட் ட்யூனர் (சின்க்ரோ மான்ஸ்டர இறக்க உதவற மான்ஸ்டர்) ஒண்ணு டெக்ல இருந்து கைக்கு வரும், இந்த டெக்குக்கு உயிரே அதுதான். ஓசூர், பெங்களூர்னு போய் கார்டுக்கு காசு போடறதுக்கு முன்னாடி மாஸ்டர் டூயல்ங்கற யு-கி-ஓ வீடியோ கேம்ல ஃப்ரீயா ஆடிப் பாருங்க.