சந்திரனில் நிறை குறையுமா? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

தென்மாவட்டம் ஒன்றில், அரசு உதவி பெறும் பள்ளியில் மேல்நிலை வகுப்புகளுக்கு இயற்பியல் எடுக்கிறேன். தமிழ் வழிப் பிரிவு. (பெயர் போட வேண்டாம், எங்கள் தலைமை ஆசிரியர் உங்களை வாசிப்பவர்.)

அழுத்தம் என்றால் என்ன என்று கேட்டால் என் பிள்ளைகள் "ஓரலகு பரப்பில் செயல்படும் செங்குத்து விசை அழுத்தம் எனப்படும்" என்று ஒரே மூச்சில் சொல்லிவிடுவார்கள். ஓரலகு என்றால் என்ன என்று கேட்டேன். வகுப்பே அமைதியாகிவிட்டது. கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் மட்டும் "பறவையோட மூக்கு டீச்சர்" என்றான்.

இதை ஆசிரியர் அறையில் சொன்னபோது சக ஆசிரியர் ஒருவர், "அறிவியலுக்கு மொழி கிடையாது டீச்சர். மொழி சும்மா பாத்திரம் மாதிரி. இங்கிலீஷ்லயே சொல்லிக்கொடுத்துட்டுப் போங்க, எப்படியும் காலேஜ்ல அதுதானே" என்றார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. பிறகு இணையத்தில் இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களைப் பார்த்தேன். அங்கே கலைச்சொற்களே வேறு. ஒரே மொழிக்காரர்களுக்குள் ஒரு சொல்லில் உடன்பாடு இல்லையென்றால் தமிழில் அறிவியல் என்பதே வீண் பிடிவாதமோ என்று தோன்றிவிட்டது.

இன்னொன்று. ஒரு மாணவி கேட்டாள்: "ஓரிரு இடங்களில் மழைன்னு சொல்றாங்களே, அதுல நம்ம ஊரு உண்டா இல்லையா?" சிரித்து மழுப்பிவிட்டேன். நீங்களாவது சொல்லுங்கள்.

*

அன்புள்ள ஆசிரியைக்கு,

பறவை மூக்கு சொன்ன பையனுக்கு என் வாழ்த்தைச் சொல்லுங்கள். அந்த வகுப்பில் அவன் ஒருவன்தான் அந்த வாக்கியத்தைத் தமிழ் என்று நினைத்து யோசித்திருக்கிறான். மற்றவர்களுக்கு அது மந்திரம்.

இலங்கைப் பாடநூலிலிருந்து தொடங்குகிறேன், அதில் எனக்குச் சொந்த அனுபவம் உண்டு. எண்பதுகளில் திருச்சியில் கல்லூரி விடுதியில் என் அறைத்தோழன் யாழ்ப்பாணத்துக்காரன். அங்கே உயர்தரம் (நம் பிளஸ் டூ மாதிரி) வரை தமிழில் படித்துவிட்டு வந்தவன். ஒரு ராத்திரி ஏதோ பேச்சில், "சந்திரனுக்குப் போனால் நிறை ஆறில் ஒரு பங்காகிவிடும்தானே" என்றான்.

"நிறை எப்படிடா குறையும்? எங்கே போனாலும் நிறை நிறைதான்" என்றேன்.

"உனக்கென்ன விசரா? ஈர்ப்பாலதானே நிறை வருது. ஈர்ப்புக் குறைஞ்சால் நிறையும் குறையத்தானே வேணும்!"

இவனை எப்படி இயற்பியலில் சேர்த்தார்கள் என்று நான் நினைத்தேன். அவன் என்னைப் பற்றி அதையேதான் நினைத்திருப்பான். குரல் உயர்ந்து, பக்கத்து அறைக்காரர்கள் வந்து நின்றார்கள். கடைசியில் அவன் தாளை எடுத்துச் சூத்திரத்தை எழுதினான். அப்போதுதான் தெரிந்தது. அவன் நிறை என்பது நான் எடை என்று படித்தது. நான் நிறை என்பது அவனுக்குத் திணிவு. சந்திரனில் திணிவு மாறாது, எடை குறையும். இருவரும் ஆரம்பத்திலிருந்தே சரியாகத்தான் சொல்லிக்கொண்டிருந்தோம்.

அப்புறம் விடிய விடிய இதே விளையாட்டுதான். நமக்கு வேகம் என்றால் திசை பார்க்காதது, திசையும் சேர்ந்தால் திசைவேகம். அவனுக்கு வேகத்திலேயே திசை உண்டு, திசை இல்லாதது கதி. நம் முடுக்கம் அவனுக்கு ஆர்முடுகல். வேகம் குறைந்துகொண்டே வந்தால் அமர்முடுகல். தமிழில் இவ்வளவு அழகான இயற்பியல் சொல் வேறொன்று எனக்குத் தெரியாது, அன்று பொறாமையாகவே இருந்தது.

இதில் நீங்கள் பார்க்க வேண்டியது, அந்தச் சண்டை முடிய ஒரு கால்மணி நேரம் போதுமாயிருந்தது என்பதை. எடைக்கும் நிறைக்கும் உள்ள வித்தியாசம் இருவருக்குமே உள்ளே தெரிந்திருந்ததால் சொல் தகராறு அவ்வளவு சீக்கிரம் தீர்ந்தது. அது தெரியாத இரண்டு பேர் ஒரே சொல்லைப் பயன்படுத்தினாலும் பிரயோசனமில்லை. சொற்களை ஒன்றாக்குவது நல்லதுதான், யாராவது உட்கார்ந்து செய்யட்டும். ஆனால் அது முடியட்டும் என்று காத்திருக்க வேண்டிய அவசியம் இல்லை. யாழ்ப்பாணத்திலும் மட்டக்களப்பிலும் பிள்ளைகள் உயர்தர இயற்பியலைத் தமிழிலேயே எழுதிவிட்டு, பல்கலைக்கழகத்தில் ஆங்கிலத்துக்கு மாறி, டாக்டராகவும் இன்ஜினியராகவும் ஆகிக்கொண்டுதானே இருக்கிறார்கள்.

இனி உங்கள் சக ஆசிரியரின் பாத்திரம். ரஷ்ய வேதியியலாளர் மெண்டலீவ் 1869-இல் தனிமங்களின் பண்புகள் அணு எடையைப் பொறுத்து ஆவர்த்தனமாக மாறுகின்றன என்று ரஷ்ய மொழியில் எழுதினார். அதே ஆண்டு ஜெர்மன் இதழொன்றில் அதன் சுருக்கம் வந்தது. மொழிபெயர்த்தவர் ஆவர்த்தனம் என்ற இடத்தில் 'படிப்படியாக' என்ற பொருள் தரும் சொல்லைப் போட்டுவிட்டார். படிப்படியாக என்றால் ஏணி, ஏறிக்கொண்டே போவது. மெண்டலீவ் சொன்னதோ சுற்றிச் சுற்றித் திரும்பி வருவதை. இது கச்சேரி கேட்பவர்களுக்கு விளக்காமலே புரியும். தாளம் ஒரு சுற்று முடிந்து மறுபடி சமத்துக்கு வருகிறதே, அதுதான் ஆவர்த்தனம். இந்த ஒரு சொல்லால், முதலில் கண்டது மெண்டலீவா ஜெர்மன் வேதியியலாளர் லோதர் மேயரா என்ற பின்னாளைய சச்சரவில் நிறைய மை வீணானது. பாத்திரத்தில் ஓட்டை இருந்தால் பால் ஒழுகும் என்று உங்கள் நண்பரிடம் சொல்லிப் பாருங்கள்.

இதைப் படித்தபோது எனக்கு இன்னொன்றும் தோன்றியது. நம் பாடநூல்களில் 'ஆவர்த்தன அட்டவணை' என்றும் இருக்கும், 'தனிம வரிசை அட்டவணை' என்றும் இருக்கும். இரண்டாவதில் வரிசை மட்டும் இருக்கிறது, திரும்பி வருதல் காணாமல் போய்விட்டது. எளிமைப்படுத்துகிறேன் என்று அந்த ஜெர்மன் மொழிபெயர்ப்பாளர் செய்ததையே நாமும் செய்திருக்கிறோம்.

ஆங்கிலம்தான் அறிவியலின் மொழி என்பதும் நேற்றைய கதை. 1924-இல் டாக்காவிலிருந்து சத்யேந்திரநாத் போஸ் தன் கட்டுரையை ஆங்கிலத்தில் எழுதி ஐன்ஸ்டைனுக்கு அனுப்பினார். ஐன்ஸ்டைன் அதைத் தானே ஜெர்மனில் மொழிபெயர்த்துப் பிரசுரிக்கச் செய்தார். அன்று இயற்பியல் உலகம் படித்தது ஜெர்மன். அதே போஸ் பிற்காலத்தில் வங்க மொழியில் அறிவியலைக் கொண்டுசேர்க்க 1948-இல் ஒரு சங்கமே தொடங்கினார். உலகத்துக்குச் சொல்ல ஒரு மொழி, ஊருக்குச் சொல்ல ஒரு மொழி. அவருக்கு இதில் முரண்பாடு எதுவும் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை. ஆய்வுக்கட்டுரையைத் தமிழில்தான் எழுத வேண்டும் என்று யாராவது மேடையில் முழங்கினால் நான் எழுந்து டீ குடிக்கப் போய்விடுவேன்.

சரி, நல்ல சொல் வேண்டாமா? வேண்டும். ஆனால் நாம் நினைக்கிற அளவுக்கு அது முக்கியமில்லை. ஆக்சிஜனையே எடுத்துக்கொள்ளுங்கள். அமிலத்தை உண்டாக்குவது என்று பொருள்படும்படி கிரேக்க வேர்களிலிருந்து லவாய்சியே வைத்த பெயர். எல்லா அமிலத்திலும் ஆக்சிஜன் இருக்கிறது என்று அவர் நம்பினார். ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் அது இல்லை என்பதை 1810 வாக்கில் ஹம்ப்ரி டேவி தெளிவாக்கினார். பெயரே தப்பு! ஜெர்மானியர்கள் அதை அப்படியே மொழிபெயர்த்து 'புளிப்புப் பொருள்' என்றார்கள், ஜப்பானியர்கள் 'அமிலத் தனிமம்' என்றார்கள். இரண்டு நாட்டிலும் வேதியியலுக்கு ஒரு குறையும் வரவில்லை. நாம் மட்டும் பிராணவாயுவா, உயிர்வளியா, ஆக்சிஜனா, ஒட்சிசனா என்று பட்டிமன்றம் நடத்திக்கொண்டிருக்கிறோம். எனக்கு உயிர்வளி பிடிக்கும். எழுதும்போது ஆக்சிஜன் என்றுதான் எழுதுவேன், 2021 கொரோனா அலையில் சிலிண்டருக்கு அலைந்தவர்கள் எல்லோரும் அந்தப் பெயரைச் சொல்லித்தான் அலைந்தார்கள்.

சொல் இல்லாமல்தான் தமிழில் அறிவியல் நின்றுபோனது என்பவர்களை யாழ்ப்பாணத்து மானிப்பாய்க்கு அழைத்துப்போக வேண்டும். 1847-இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன், 1860-களில் தன் மருத்துவ வகுப்பைத் தமிழுக்கு மாற்றினார். உடற்கூறு, அறுவை, பிரசவம், வேதியியல் எல்லாம் தமிழ்ப் புத்தகங்களாயின. வேதியியல் நூலுக்கு அவர்கள் வைத்த பெயர் 'கெமிஸ்தம்'. கெமிஸ்ட்ரிக்கு வேட்டி கட்டிவிட்டது மாதிரி இருக்கிறது, இல்லையா? தமிழில் கிடைத்தால் தமிழ், கிடைக்காவிட்டால் இருக்கிற சொல்லுக்கே தமிழ் ஓசை, வேலை நடக்கட்டும் என்ற மனசு. அவரிடம் படித்து வெளியே வந்தவர்கள் அறுபதுக்கும் மேல். 1873-இல் அவர் ஊர் திரும்பினார், சில ஆண்டுகளில் அந்தத் தமிழ் வகுப்பு நின்றது. சொல் தீர்ந்துபோயா நின்றது? ஆங்கிலம் தெரிந்தவனுக்குத்தான் உத்தியோகம் என்ற காலம் அது. இதைச் சொல்லும்போது எனக்குக் கொஞ்சம் கோபம் வரும், அதனால் மேலே போகிறேன்.

உங்கள் மாணவியின் கேள்விக்கு வருகிறேன். உண்மையில் உங்கள் கடிதத்தில் கனமான கேள்வி அதுதான்.

தமிழில் முழுக்க முழுக்க ஊருக்குள் போய்ச் சேர்ந்த அறிவியல் ஒன்று உண்டென்றால் அது வானிலை அறிக்கை. 'காற்றழுத்தத் தாழ்வு மண்டலம்' என்ற சொல்லைப் பாருங்கள். நாக்கு சுளுக்கிக்கொள்கிற மொழிபெயர்ப்பு. ஆனால் ஐப்பசியில் எங்கள் தெரு டீக்கடையில் உட்கார்ந்தால், "இன்னும் தாழ்வுப் பகுதிதாங்க, மண்டலம் ஆகல" என்று லுங்கி கட்டியவர் சர்வசாதாரணமாகச் சொல்வார். காற்று மணிக்கு 31 கிலோமீட்டரை எட்டினால் மண்டலம், 50 ஆனால் ஆழ்ந்த மண்டலம், 62 ஆனால் புயல். இந்த எண்கள் அவருக்குத் தெரியாது. ஆனால் எது எதற்குப் பிறகு வரும், எப்போது படகை மேலே இழுக்க வேண்டும், எப்போது பள்ளிக்கூடத்துக்கு லீவு விடுவார்கள் என்பது தெரியும். சென்னை வானிலை மையத்தில் இருந்த ரமணன் தொலைக்காட்சியில் வருஷா வருஷம் அதே சொற்களை அதே நிதானத்தோடு சொல்லிச் சொல்லி அது நடந்தது. கேட்பவருக்கும் கேட்கிற அவசரம் இருந்தது.

எளிய சொல் இருக்கிறதே, அதுதான் ஏமாற்றிவிட்டது. 'ஓரிரு இடங்களில்' என்றால் யாரும் விளக்கம் கேட்பதில்லை, தமிழ்தானே என்று விட்டுவிடுகிறோம். வானிலைத் துறைக்கு அது அளவோடு கூடிய சொல். ஒரு வட்டாரத்தில் உள்ள மழைமானி நிலையங்களில் நூற்றுக்கு 25 வரை மழை பதிவாகும் என்று பொருள். அதற்குமேல் 50 வரை ஒரு படி, 75 வரை ஒரு படி, அதைத் தாண்டினால் கடைசிப் படி. ஒவ்வொன்றுக்கும் சில, பல என்று ஒரு சாதாரணச் சொல். கனமழையும் அப்படித்தான். 24 மணி நேரத்தில் 64.5 மில்லிமீட்டரைத் தொடவில்லையென்றால் உங்கள் வீட்டுக்குள் தண்ணீரே வந்திருந்தாலும் அறிக்கையின் கணக்கில் அது கனமழை இல்லை. பேச்சுத்தமிழ்ச் சொல்லை எடுத்து உள்ளே ஓர் எண்ணை ஒளித்துவைத்துவிட்டு, அதை யாரிடமும் சொல்லாமல் விட்டால் இப்படித்தான் ஆகும். 'ஓரலகு' கதையும் இதுவே. அலகு நல்ல சொல், அளவைக்கும் பறவைக்கும் பொருந்துகிற சொல்.

'வாய்ப்பு' என்பதையும் சொல்லிவிடுகிறேன், ரொம்ப நாளாக உறுத்துகிறது. 'வெள்ளம் வர வாய்ப்புள்ளது', 'புற்றுநோய் வர வாய்ப்பு அதிகம்' என்று எழுதுகிறோம். கேட்டால் ஏதோ சினிமாவில் வாய்ப்புக் கிடைத்த மாதிரி இருக்கிறது. வரும், வரக்கூடும், வரலாம், வந்தாலும் வரும் என்று நிச்சயமின்மையை வினைச்சொல்லிலேயே வைத்திருக்கிற மொழி இது. அறிவியலுக்கு அதைவிட என்ன வேண்டும்? அதையெல்லாம் விட்டுவிட்டு ஒரு பெயர்ச்சொல்லைப் பிடித்துத் தொங்குகிறோம். 'எனப்படும்' என்ற முடிவும் அப்படித்தான். யாரால் எனப்படும்? எதற்கு எனப்படும்? கேள்விக்கே இடம் வைக்காத வாக்கியம்.

ஆகவே உங்கள் மாணவியிடம் இப்படிச் சொல்லலாம்: அந்த அறிக்கை நம் ஊரைப் பற்றிப் பேசவே இல்லை. நூறு மழைமானி இருந்தால் இருபத்தைந்துக்கு மேல் நனையாது என்கிறது, அந்த இருபத்தைந்தில் நம் ஊர் உண்டா என்பது அறிக்கைக்கும் தெரியாது.

அவள் சும்மா விடமாட்டாள். நம்ம ஊரில் மழைமானி இருக்கிறதா என்று கேட்பாள். வாய் முதல் அடிவரை ஒரே அகலமாக உள்ள இரண்டு டப்பா எடுத்துக்கொள்ளுங்கள், ஒன்றின் வாய் பெரிது, இன்னொன்றின் வாய் சிறிது. மரத்தையும் சுவரையும் விட்டுத் தள்ளி, மைதானத்தில் வையுங்கள். காலை எட்டரைக்கு ஸ்கேலை வைத்து அளக்கச் சொல்லுங்கள், வானிலை மையமும் அந்த நேரத்துக்குத்தான் அன்றைய கணக்கை முடிக்கிறது. பெரிய டப்பாவில் தண்ணீர் அதிகம் இருக்கும். ஆனால் உயரம் இரண்டிலும் ஏறக்குறைய ஒன்றாக இருக்கும். ஏன் டீச்சர் என்று யாராவது கேட்பார்கள், அநேகமாக அந்தக் கடைசி பெஞ்சுப் பையன். ஒரு மில்லிமீட்டர் மழை என்றால் ஒரு சதுர மீட்டர் தரையில் ஒரு லிட்டர் தண்ணீர் என்று அவனிடம் சொல்லுங்கள். ஓரலகு பரப்பை அங்கே ஆரம்பியுங்கள்.

அன்புடன்.