சாம் கிட்: கூட்டத்தில் ஒருவர்

அன்புள்ள ஐயா,

ஐம்பதுகளின் பிரிட்டிஷ் படங்களை வரிசையாகப் பார்த்து வருகிறேன். ‘தி குரூயல் சீ’, ‘ரீச் ஃபார் தி ஸ்கை’ இரண்டிலும் ஒரே ஆள் கொஞ்ச நேரம் வந்து போகிறார். தேடிப் பார்த்தேன், பெயர் சாம் கிட். 200 படங்களுக்கு மேல் நடித்தும் துணை வேஷங்களிலேயே காலம் முடிந்துவிட்டதே என்று வருத்தமாக இருக்கிறது. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

அவருக்காக வருத்தப்பட வேண்டாம் என்றே சொல்வேன்.

சாம் கிட் 1915இல் பெல்ஃபாஸ்டில் பிறந்து லண்டனில் வளர்ந்தவர். இரண்டாம் உலகப் போர் வந்ததும் படைக்குப் போனார். 1940 மே மாதம் பிரான்சின் கலே துறைமுகம் வீழ்ந்தபோது ஜெர்மானியரிடம் பிடிபட்டார். போர் முடியும்வரை, ஏறக்குறைய ஐந்து வருடம், போலந்தின் தோர்ன் நகரத்துக் கைதி முகாமில் கிடந்தார். அங்கே சக கைதிகளைச் சேர்த்துக்கொண்டு விடாமல் நாடகம் போட்டார். அதைப் பாராட்டி, முள்கம்பியில் செய்த ஒரு ஜோடி நாடக முகமூடிகளைச் செஞ்சிலுவைச் சங்கம் அவருக்குக் கொடுத்தது. ஒரு நடிகனுக்கு இதைவிடப் பெரிய விருது என்ன இருக்கிறது?

ஊர் திரும்பியதும் 1946இல் ஈலிங் ஸ்டுடியோவின் ‘தி கேப்டிவ் ஹார்ட்’ படத்தில் வேலை கிடைத்தது. கதையே போர்க்கைதிகளைப் பற்றியது. நடித்ததோடு, முகாம் வாழ்க்கை எப்படி இருக்கும் என்று ஆலோசனையும் சொன்னார். அடுத்த பத்துப் பதினைந்து வருடம் பிரிட்டனில் போர்ப்படங்களுக்குக் குறைவே இல்லை. 1948இல் தியேட்டர்கள் காட்டும் முதன்மைப் படங்களில் 45 சதவீதம் உள்நாட்டுப் படமாக இருக்க வேண்டும் என்று அரசு உத்தரவும் போட்டது. அது சீக்கிரமே 30க்கு இறங்கியது, அது வேறு விஷயம். எப்படியும் மாலுமி, சிப்பாய், டாக்ஸி டிரைவர், திருடன் என்று சின்ன வேஷங்கள் ஏராளமாகத் தேவைப்பட்டன.

நாயகனைச் சுற்றி நிற்கும் பத்துப் பேர் பொய்யாக இருந்தால் நாயகனும் பொய்யாகிவிடுவான். அந்தப் பத்துப் பேரில் ஒருவராக நிற்பது தனித் திறமை. சாம் கிட்டுக்கு வசனம் ஒன்றிரண்டுதான் இருக்கும். ஆனால் துப்பாக்கியைத் தோளில் மாட்டும் விதத்திலும், அதிகாரி அந்தப் பக்கம் போனதும் உடம்பைத் தளர்த்தும் விதத்திலும் உண்மையான சிப்பாய் தெரிவான். காட்சியைத் தன் பக்கம் இழுக்கவும் மாட்டார். எனக்கு அவரிடம் ரொம்பப் பிடித்தது இந்தக் கட்டுப்பாடுதான்.

அப்புறம், ‘இப்படியே முடிந்தது’ என்பதும் முழுக்கச் சரியில்லை. 1963இல் தொடங்கிய ‘கிரேன்’ என்ற தொலைக்காட்சித் தொடரில் ஒர்லாண்டோ என்ற பாத்திரத்தில் வந்தார். அது மக்களுக்குப் பிடித்துப்போய், ‘ஒர்லாண்டோ’ என்ற பெயரிலேயே சிறுவர்களுக்கான தனித்தொடர் உருவானது. அதில் அவர்தான் நாயகன்! 1982இல் இறக்கும்வரை வேலை இருந்துகொண்டே இருந்தது. சிறை அனுபவங்களைப் புத்தகமாகவும் எழுதியிருக்கிறார்.

‘தி கேப்டிவ் ஹார்ட்’ நீங்கள் இன்னும் பார்க்கவில்லை என்று நினைக்கிறேன். அதை முதலில் பாருங்கள். மைக்கேல் ரெட்கிரேவ்தான் நாயகன். அவரை ஒரு முறை பார்த்துவிட்டு, இரண்டாம் முறை கூட்டத்தைப் பாருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள்.

அன்புடன்.