கேள்வி பதில்: 'வெள்ளை மான்' எடுத்த எரிக் புளோம்பெர்க்

சுரேஷ்: பின்லாந்து சினிமா என்றால் இயக்குநர் அகி கௌரிஸ்மாகிதான் தெரியும். இவர் யார்?

பதில்: கௌரிஸ்மாகி பிறந்ததே 1957இல். புளோம்பெர்க் 1913இல் பிறந்தவர், அடிப்படையில் கேமராக்காரர். நிர்கி தபியோவாரா என்ற இளம் இயக்குநரோடு வேலை பார்த்தவர். தபியோவாரா 1940இல், சோவியத் ஒன்றியத்தோடு நடந்த குளிர்காலப் போரில் இறந்துபோக, அவருடைய கடைசிப் படம் பாதியில் நின்றது. அதை முடித்துக் கொடுத்த இருவரில் புளோம்பெர்க்கும் ஒருவர். தானே இயக்கிய முதல் முழுநீளப் படம் 1952இல்தான் வந்தது. அதுதான் 'வெள்ளை மான்'.

கவிதா: கதையைக் கொஞ்சம் சொல்லுங்களேன்.

பதில்: முடிவைத் தவிர்த்துச் சொல்கிறேன். பின்லாந்தின் வடகோடியான லாப்லாந்தில் பிரிதா என்ற புதுமணப்பெண். துருவமான் மேய்க்கும் கணவன் நாள்கணக்கில் பனிவெளிக்குப் போய்விடுகிறான். அவன் மனம் தன்மேல் திரும்ப வேண்டும் என்று மந்திரவாதிக் கிழவனிடம் போகிறாள். வழியில் முதலில் எதிர்ப்படும் உயிரைப் பலிகொடு என்கிறான் கிழவன். எதிர்ப்படுவது, கணவன் ஆசையாகக் கொடுத்த வெள்ளை மான்குட்டி. பலிக்குப் பிறகு அவளே வெள்ளை மானாக மாறி, வேட்டைக்காரர்களை ஆளில்லாத பள்ளத்தாக்குக்கு இழுத்துப் போகிறாள்.

கிழவன் குடிசைக் காட்சியைக் கவனியுங்கள். முரசைத் தட்டி மந்திரத்தை ஆரம்பிப்பவன் கிழவன். கொஞ்ச நேரத்தில் மந்திரம் அவள் வாயிலிருந்து வருகிறது. மந்திரவாதியே மிரண்டுபோகிறான்.

ஜான்: பயமாக இருக்குமா?

பதில்: விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

தீபா: இணையத்தில் ஏதோ ஒரு பிரதி கிடைத்தது. போதுமா?

பதில்: போதாது. பாதிப் படம் பனிதான். மங்கிய பிரதியில் அது வெளுத்த வேட்டி மாதிரி தெரியும். பின்லாந்தின் தேசிய ஒலி-ஒளி நிறுவனம் புதுப்பித்த பிரதியைத் தேடுங்கள்.

அன்வர்: கோல்டன் குளோப் விருது வாங்கியதாமே?

பதில்: வாங்கியது. ஆனால் 1957இல் வெளிநாட்டுப் படத்துக்கான விருதைப் பெற்றவை ஐந்து படங்கள், அவற்றில் இதுவும் ஒன்று. எனக்குப் பெரிதாகப் படுவது 1953 கேன்ஸ் திரைப்பட விழா. பிரெஞ்சுக் கவிஞரும் இயக்குநருமான ழான் கொக்தோ தலைமையிலான நடுவர் குழு தேவதைக்கதை வகைக்கான பரிசைக் கொடுத்தது.

மலர்: புளோம்பெர்க், புளோம்பெர்க் என்கிறீர்கள். பிரிதாவாக நடித்தது அவர் மனைவி மிர்யாமி குவோஸ்மானென். திரைக்கதையிலும் அவர் பெயர் இருக்கிறது. அவரை ஏன் விட்டீர்கள்?

பதில்: தவறுதான். கதை சொன்ன இடத்திலேயே சொல்லியிருக்க வேண்டும். திரைக்கதை இருவருடையது.

குமரன்: நடிகை பெயர் திரைக்கதையில் வருவது சும்மா மரியாதைக்கு. படம் கேமராக்காரருடையதுதான்.

பதில்: மரியாதைக்கு என்று எதை வைத்துச் சொல்கிறீர்கள்? பனியும் நிழலும் புளோம்பெர்க்குடையவை, சரி. ஆனால் கணவன் இல்லாத வீட்டில் அந்தப் பெண்ணுக்கு என்ன வேண்டும் என்று படத்துக்குத் தெரிந்திருக்கிறதே, அது கேமராவில் மட்டும் வராது.

குமரன்: இது ஊகம்.

பதில்: உங்களுடையதும் ஊகம்தான். குவோஸ்மானென் 1963இல் இறந்தார். புளோம்பெர்க் 1996 வரை இருந்தார். அவர் கடைசியாக இயக்கிய கதைப்படம் 1959இல் போலந்தோடு சேர்ந்து எடுத்த 'திருமண இரவு'. அதற்குள் மொத்தம் ஐந்தே படங்கள். 'வெள்ளை மான்' அளவுக்கு வேறெதுவும் பேசப்படவில்லை. அது ஏன் என்று நீங்கள்தான் சொல்லுங்களேன்.

பிரபு: கௌரிஸ்மாகி படங்களில் எதில் ஆரம்பிக்கலாம்?

பதில்: மறுபடியும் கௌரிஸ்மாகியா? வேறொரு நாள் கேளுங்கள்.

லதா: சாமி மக்களே எடுத்த படமா?

பதில்: (நம்ம சாமி இல்லை, லாப்லாந்துப் பழங்குடி.) இல்லை. எடுத்தவர்கள் வெளியாட்கள், வசனம் பின்னிஷ் மொழியில். சாமி மொழியிலேயே பேசும் படம் வேண்டுமென்றால் நார்வேயின் நில்ஸ் கௌப் 1987இல் இயக்கிய 'வழிகாட்டி' பாருங்கள். கௌப்பும் சாமி இனத்தவர்தான்.